நின்றால் போதும் என்றேன்

மாடிப்படியில் ஒருவன் உட்கார்ந்தபடியே இறங்கிக்கொண்டிருந்தான்.

இரண்டு கைகளையும் பின்னால் ஊன்றி, உடம்பை எக்கி, ஒரு படி கீழே வைப்பான். வலது கால் விறைப்பாக முன்னால் நீட்டியிருக்கும். செத்த நேரம் மூச்சு வாங்குவான். பிறகு அடுத்த படி.

கீழே தண்ணீர்த் தொட்டி ஓரம் நின்று பல் தேய்த்துக்கொண்டிருந்த நான் அதைப் பார்த்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை. சட்டென்று தூணுக்குப் பின்னால் நகர்ந்துகொண்டேன். கடைசிப் படிக்கு வந்ததும் சுவரைப் பிடித்து எழுந்தான், டிரவுசரின் பின்பக்கம் ஒட்டியிருந்த தூசியைத் தட்டினான், ஒன்றுமே நடக்காதவன்போல் தொட்டிக்கு வந்தான்.

"ஏனுங்க கேப்டனுங்க, எந்திரிச்சாச்சுங்களா?"

"ஆச்சு. நல்லாத் தூங்கினியா?"

"அடிச்சுப் போட்ட மாதிரித் தூங்கினனுங்க."

அவன் முகத்தைக் கழுவினான். நான் வாயைக் கொப்பளித்தேன். அன்று மாலை நாலரை மணிக்கு இறுதி ஆட்டம்.

கல்லூரியில் சேர்ந்த கதையைப் போன வாரம் எழுதியிருந்தேன். படித்துவிட்டு, கூடப் படித்த நண்பர் ஒருவர் கார்டு போட்டிருக்கிறார். 'கால்பந்துக் கோப்பை வாங்கினோமே, அதை எழுதாமல் தாண்டிவிடாதே' என்கிறார். தாண்டிவிடத்தான் நினைத்திருந்தேன்.

அந்தக் கதையைக் கல்யாண வீடுகளில் சொல்லியிருக்கிறேன். ஆலை கேன்டீனில் எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் கடைசி ஆட்டத்தின் இடைவேளையை மட்டும் விட்டுவிடுவேன். ஒன்றை விட்டுவிட்டு மற்றதைச் சொல்வதற்கும் தெம்பு வேண்டியிருக்கிறது. எனக்கு இப்போது அந்தத் தெம்பு இல்லை. அதனால் முழுதாகவே சொல்லிவிடுகிறேன்.

நெருஞ்சி முள்

அறுபதுகளின் நடுவில் என்று வைத்துக்கொள்ளுங்கள். அரிசி கிடைக்காமல் விடுதியில் கோதுமை ரவையைச் சோறுபோல் வேகவைத்துப் போட்ட காலம்.

திண்டுக்கல்லுக்கு வெளியே எங்கள் கல்லூரி தொடங்கி நாலைந்து வருஷந்தான் ஆகியிருந்தது. இரண்டு ஓட்டுக் கட்டடம், ஒரு கிணறு, ஒரு கொடிக்கம்பம். கிணற்றில் ஆறு மாதம் தண்ணீர் இருக்கும்.

மைதானம் என்று சொன்னது ஒரு செம்மண் பொட்டல். மழை பெய்து பத்து நாளில் அதில் நெருஞ்சி படர்ந்துவிடும். நாங்கள் வெறுங்காலில் ஆடுகிறவர்கள். ஆட்டத்துக்கு முன்னால் பதின்மூன்று பேரும் வரிசையாகக் குனிந்து, கோல் போஸ்டிலிருந்து கோல் போஸ்ட் வரைக்கும் முள் பொறுக்குவோம். மொத்த டீமே பதின்மூன்று பேர்தான். காற்று திரும்பினால் தோல் பதனிடும் ஷாப்புகளின் வாடை வந்து மூக்கில் ஏறும். வெளியூர் டீம்கள் மூக்கைப் பொத்திக்கொள்ளும். எங்களுக்கு அது ஒரு பலம்.

எங்கள் பி.டி. மாஸ்டர் சூசை, ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்று வந்தவர். விசிலைப் பல்லிடுக்கில் வைத்தபடியே பேசுவார். "ஏலே அமலு, பந்த ஏன்லே கட்டிப்பிடிச்சுக்கிட்டு நிக்கிற? உதைச்சு வெளியே தள்ளுலே. அம்புட்டுதான் உன் வேலை."

அமலு என்பது நான். அமல்ராஜ். இடது ஃபுல்பேக். அப்பா புகையிலைக் கிட்டங்கியில் மூட்டைகளை எடை போடும் வேலையில் இருந்தார். வீட்டுக்குள் நுழைந்தாலே அவர் சட்டையின் காரநெடியில் அம்மா தும்முவாள். எனக்குக் கீழே இரண்டு தங்கைகள். படிப்பு முடிந்த மறுநாளே எனக்கு வேலை கிடைத்தாக வேண்டும் என்பது அந்த வீட்டில் யாரும் வாய்விட்டுச் சொல்லாத பேச்சு.

மூன்றாம் வருஷம் என்னைக் கேப்டன் ஆக்கினார்கள். நன்றாக ஆடுகிறவன் என்பதற்காக அல்ல. சத்தமாகக் கத்துவேன் என்பதற்காக.

"பந்தைக் குடுங்க"

நன்றாக ஆடுகிறவன் பழனிச்சாமி.

நெய்க்காரப்பட்டிப் பக்கத்துப் பையன். அப்பா நாச்சிமுத்து கரும்பு விவசாயி. பழனிச்சாமி நெடுநெடுவென்று உயரம், கை முழுக்கக் கரும்புச் சோகை கீறிய தழும்பு. முதல் நாள் மைதானத்துக்கு வந்தவன், "நானும் ஆடலாமுங்களா?" என்று கேட்டுவிட்டு, பதில் வரும்வரை கோட்டுக்கு வெளியே நின்றான்.

ஆட்டத்தின் நடுவிலும் அவனுக்கு அந்த 'ங்க' போகாது. எங்கள் ஊர்ப் பக்கத்தில் ஆடும்போது தொண்டை கிழிய, "ஏலே விடுலே, தள்ளுலே" என்று கத்துவோம். அவன், "பந்தைக் குடுங்க... இப்படிக் குடுங்க... பின்னால ஆளு வர்றாருங்க" என்பான். எதிர் டீம் ஆள் காலை வாரிவிட்டாலும், "பாத்து ஆடுங்க" என்பான். எதிரிகள் சிரிப்பார்கள். சிரித்து முடிப்பதற்குள் பந்து அவன் காலில் இருக்கும்.

சென்டர் ஹாஃப் என்றால் ஆட்டத்தின் நடு முதுகெலும்பு. தடுக்கவும் வேண்டும், முன்னால் எடுத்துக் கொடுக்கவும் வேண்டும். அவன் ஓடுவதுபோலவே தெரியாது. பந்து எங்கே விழுமோ அங்கே முன்கூட்டியே போய் நின்றிருப்பான்.

விடுதியில் என் பக்கத்துப் பாய் அவனுடையது. ஒருநாள் சொன்னான்: "எங்கப்பாவுக்கு நான் படிக்கிறதே பிடிக்கலீங்க. ஒரு பொய் சொல்லி மாட்டினாப் போதும், கூட்டிட்டுப் போயிருவாரு. எனக்குத் தோட்டத்துக்குத் திரும்பிப் போக இஷ்டமில்லீங்க. எங்காச்சும் ஒரு வேலை கிடைச்சாத் தப்பிச்சுக்குவேன்."

அந்த வேலைக்கும் ஒரு வழி வந்தது. வேடசந்தூர்ப் பக்கம் ஒரு நூற்பாலையில் சொந்தமாக டீம் வைத்திருந்தார்கள். எங்கள் லீக் ஆட்டம் ஒன்றைப் பார்த்துவிட்டு அந்த ஆலையின் லேபர் ஆபீசர் மாஸ்டரிடம் விசாரித்திருக்கிறார். மாஸ்டர் எங்கள் இருவரையும் கூப்பிட்டு வைத்துச் சொன்னார்: "சென்டர் ஹாஃப் வேணுமாம். ஃபைனலுக்கு வந்தா நேர்ல வந்து பார்த்துட்டு, கையோட ஆர்டர் குடுக்கிறேங்கிறார். ஏலே பழனி, உன் தலையெழுத்து உன் கால்லதான் இருக்கு."

எனக்குப் பொறாமை இருந்ததா? இருந்தது. அதை இப்போது மறைத்து என்ன ஆகப்போகிறது?

ஒரே ஆட்டம், மூன்று நாள்

அந்த வருஷம் நாங்கள் ஜெயித்தது எங்களுக்கே புரியாத விஷயம். பூட்ஸ் போட்ட டீம்களை வெறுங்காலோடு போய்த் தோற்கடித்தோம். கணுக்காலில் கிழிந்த வேட்டித் துணியை இறுக்கிச் சுற்றிக்கொள்வோம். ஆட்டம் முடிந்து அவிழ்த்தால் துணி தோலோடு ஒட்டிக்கொண்டு வரும்.

அரை இறுதியும் இறுதியும் மதுரையில். ஒரு பள்ளிக்கூடத்தின் மாடியில் தங்க இடம் கொடுத்தார்கள். பெஞ்சுகளைச் சேர்த்துப் போட்டுப் படுத்தோம்.

அரை இறுதி சமனில் முடிந்தது. அந்தக் காலத்தில் சமன் என்றால் மறுநாள் திரும்ப ஆட வேண்டும். மறுநாளும் சமன். மூன்றாம் நாள் மூன்றாவது தடவை அதே டீம், அதே முகங்கள். ஆட்டம் தொடங்கும்போது எதிர் டீம் கோல்கீப்பர் என்னைப் பார்த்து, "இன்னைக்காவது முடிச்சிரலாம்ப்பா" என்றான். அவனும் நொண்டிக்கொண்டுதான் இருந்தான்.

அன்று இரண்டுக்கு ஒன்று என்று ஜெயித்தோம். யாரும் துள்ளவில்லை. விசில் ஊதியதும் இருபத்திரண்டு பேரும் அங்கங்கே தரையில் உட்கார்ந்துவிட்டோம்.

அந்த ஆட்டத்தின் கடைசியில்தான் பழனிச்சாமியின் முழங்கால் திரும்பியது. திரும்பும்போது பாதம் புல்லில் பதிந்துவிட்டது, உடம்பு மட்டும் சுழன்றது. எழுந்து இரண்டு தடவை காலை உதறினான். "ஒண்ணுமில்லீங்க" என்றான்.

மறுநாள் காலையில்தான் நான் அந்த மாடிப்படியைப் பார்த்தேன்.

பத்து மணி வாக்கில் மாஸ்டர் என்னைத் தனியாக அழைத்தார். "பழனி கால் எப்படிலே இருக்கு? அவன்கிட்ட கேட்டா நல்லாருக்குங்கிறான். நீ கூடவே இருக்கிறவன். நீ சொல்லு. வேண்டாம்னா வெளியே இருக்கிற ரெண்டு பேர்ல ஒருத்தனைப் போட்டுக்கிறேன்."

"நல்லாத்தான் இருக்கு மாஸ்டர். நடக்கிறான்."

பொய் என்று அதைச் சொல்ல முடியாது. அவன் நடக்கத்தான் செய்தான்.

இடைவேளை

பார்வையாளர் பக்கம் நாற்காலி போட்டிருந்தார்கள். வெள்ளைக் கால்சட்டையும் கறுப்புக் கண்ணாடியுமாக ஆலை லேபர் ஆபீசர் உட்கார்ந்திருந்தார்.

முதல் பாதி முப்பத்தைந்து நிமிஷம். பழனிச்சாமி ஓடவில்லை. நின்றான். ஆனால் சரியான இடத்தில் நின்றான். அவனைச் சுற்றிக்கொண்டு போவதற்கு எதிராளிகளுக்கு நேரம் பிடித்தது, அதற்குள் நாங்கள் வந்துவிட்டோம். கோல் எதுவும் விழவில்லை.

இடைவேளையில் எலுமிச்சைத் துண்டுகளும் உப்பும் கொண்டுவந்தார்கள். எல்லாரும் வேப்பமரத்தடியில் மல்லாந்து கிடந்தார்கள். பழனிச்சாமி மட்டும் தள்ளி, சுவரோரம் காலை நீட்டி உட்கார்ந்திருந்தான். போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன். முழங்காலில் சுற்றிய துணிக்கு மேலும் கீழும் சதை பிதுங்கிக்கொண்டு நின்றது.

உதடு வெளுத்திருந்தது. என் கையைப் பிடித்தான்.

"முடியலடா" என்றான்.

அத்தனை மாதத்தில் அவன் 'ங்க' போடாமல் என்னிடம் பேசியது அந்த ஒரு தடவைதான்.

அப்போதெல்லாம் ஆட்டம் தொடங்கிவிட்டால் ஆள் மாற்ற முடியாது. அவன் வெளியே போனால் மீதி ஆட்டத்தைப் பத்துப் பேர் ஆட வேண்டும். பத்துப் பேரோடு தோற்றுத் திரும்பியிருக்கலாம். திண்டுக்கல்லில் யாரும் எங்களைக் கல்லால் அடித்திருக்க மாட்டார்கள். அங்கே வரை போனதே பெரிது என்றிருப்பார்கள்.

"இன்னும் முப்பத்தஞ்சு நிமிஷம்டா பழனி" என்றேன். "நீ ஓட வேணாம். பந்தைக்கூடத் தொட வேணாம். நீ உள்ள நின்னாப் போதும். உன்னப் பாத்தாலே அவங்க பயப்படுறாங்க."

என்னைப் பார்த்தான். பிறகு நாற்காலிகள் இருந்த பக்கம் பார்த்தான். "சரிங்க" என்றான்.

நான் கை கொடுத்துத் தூக்கிவிட்டேன். அவன் எடை முழுவதும் என் தோளில் இருந்தது.

இரண்டாம் பாதியில் எங்களுக்கு ஒரு கோல் கிடைத்தது. அழகான கோல் ஒன்றுமில்லை. கூட்டமாக விழுந்து புரண்டதில் யாரோ ஒருவன் முழங்காலில் பட்டு உள்ளே போனது. அதற்குப் பிறகு எதிராளிகள் எங்கள் மேல் பாய்ந்து பாய்ந்து வந்தார்கள்.

முடிய ஏழெட்டு நிமிஷம் இருக்கும். அவர்களின் சென்டர் ஃபார்வர்ட் என்னை ஏமாற்றித் தாண்டிவிட்டான். எனக்குப் பின்னால் கோல்கீப்பர் மட்டும். நான் நிற்க மட்டுமே சொல்லியிருந்த பழனிச்சாமி எங்கிருந்தோ ஓடி வந்தான். ஓடித்தான் வந்தான். காலை நீட்டிப் பந்தை வெளியே தள்ளினான். அப்போது ஒரு சத்தம் கேட்டது. பச்சைக் குச்சியை முறுக்கி ஒடிப்பதுபோல். நான் பக்கத்தில் இருந்தேன், எனக்குக் கேட்டது.

அவனைத் தூக்கிப்போய் வெளியே படுக்கவைத்தோம். பத்துப் பேரோடு மீதி நேரத்தை ஓட்டினோம். கோப்பை எங்களுக்கு.

போட்டோ எடுக்கும்போது அவனை நாற்காலியில் வைத்து, காலை மறைக்க முன்னால் இரண்டு பேரைத் தரையில் உட்காரச் சொன்னார்கள். அந்தப் படத்தில் எல்லாரையும்விட அகலமாகச் சிரிக்கிறவன் அவன்தான்.

படம் எடுத்து முடிந்ததும் லேபர் ஆபீசர் மாஸ்டரிடம் வந்தார். பழனிச்சாமியின் காலைப் பார்த்து உச்சுக்கொட்டினார். பிறகு, "கேப்டன் யாரு?" என்று கேட்டார்.

நெய்க்காரப்பட்டியில்

மதுரை ஆஸ்பத்திரியில் முழங்காலுக்குள் சவ்வு கிழிந்துவிட்டது என்றார்கள். முந்தின நாளே கொஞ்சம் கிழிந்திருக்கிறது, அதோடு ஆடியதால் முழுக்கப் போய்விட்டது என்று டாக்டர் அவன் அப்பாவிடம் சொல்லியிருக்கிறார். மாவுக்கட்டோடு ஊருக்குக் கூட்டிப்போனார்கள்.

நான் மார்கழிக் கடைசியில் அவனைப் பார்க்கப் போனேன். அதற்குள் ஆலையில் டைம் கீப்பர் வேலைக்கு எனக்கு ஆர்டர் வந்திருந்தது. பரீட்சை முடிந்ததும் சேர வேண்டும். அதை அவனிடம் நானே சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன்.

தோட்டத்துக்குள் நுழையும்போதே வெல்லம் காய்ச்சும் வாசனை. அவன் மோட்டார் ரூமை ஒட்டிய சாளைக் குடிசையில் கயிற்றுக் கட்டிலில் படுத்திருந்தான். வேலை விஷயத்தைச் சொன்னேன். "நல்லதுங்க. யாராச்சும் ஒருத்தரு போகணுமில்லீங்க" என்றான். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

அவன் அம்மா சூடான பாகை ஓலையில் ஊற்றிக் கொடுத்தார். பின்னாலேயே அப்பா வந்தார். தலைத்துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டு, என் எதிரில் உட்கார்ந்தார்.

"தம்பி, நீங்கதானுங்களா கேப்டனு?"

"ஆமாங்கய்யா."

"உங்களை ஒண்ணு கேக்கோணும். மொத நாளே காலு போயிருச்சுன்னு டாக்டரு சொல்றாரு. இவன் கடைசியிலதான் வலிச்சுதுங்கிறான். ஆருக்கும் தெரியாதுங்கிறான். உங்ககிட்டயாவது சொன்னானுங்களா?"

பழனிச்சாமி கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். என்னைக் காட்டிக்கொடுக்காமல் அவன் பொய் சொல்லியிருக்கிறான் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. என் பேர் கெட்டுவிடக்கூடாது என்று நினைத்தானோ, அப்பா கல்லூரிக்கு வந்து சத்தம் போடக்கூடாது என்று நினைத்தானோ.

பாகு விரலில் சுட்டது.

"சொல்லலீங்கய்யா" என்றேன்.

நாச்சிமுத்து தலையை ஆட்டினார். "அப்ப எல்லாத்துகிட்டயும் மறைச்சுப் போட்டான். நம்பித்தான் வெளியூரு அனுப்பினேன். பொய் பேசப் பழகினவனுக்கு இனி படிப்பு வேண்டாமுங்க. இங்கயே இருக்கட்டும்."

இவ்வளவுதான். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. பழனிச்சாமி அந்த வருஷப் பரீட்சை எழுதவில்லை. அடுத்த வருஷமும் கல்லூரிக்கு வரவில்லை.

தண்ணீர் பாயும் நேரம்

ஆலையில் சேர்ந்தேன். ஷிப்டுக்கு வருகிறவர்களின் அட்டையில் நேரம் குறிக்கிற வேலை. மாலையில் ஆலை டீமுக்கு ஆட வேண்டும். சென்டர் ஹாஃபாக. அந்த இடத்து ஆட்டம் எனக்கு வரவே இல்லை. பந்து விழுந்த பிறகுதான் நான் அங்கே போய்ச் சேருவேன். ஒரு சீசன் பொறுத்துப் பார்த்துவிட்டு என்னை டீமிலிருந்து எடுத்துவிட்டார்கள். வேலையிலிருந்து எடுக்கவில்லை.

வீட்டில் நிம்மதி வந்தது. மூத்த தங்கைக்கு மாப்பிள்ளை பார்த்தார்கள். ஒவ்வொரு ஞாயிறும் பூசையில் முழந்தாளிடும்போது அந்தக் குச்சி ஒடியும் சத்தம் என் காதில் கேட்கும். பாவசங்கீர்த்தனத்தில் சாமியாரிடம் சொன்னேன். அவர் மன்னிப்புக் கொடுத்தார். வெளியே வந்தபோது கொஞ்சமும் லேசாகவில்லை. சொல்ல வேண்டிய ஆள் அவர் இல்லை என்பது எனக்கே தெரிந்துதான் இருந்தது.

ஒன்றரை வருஷம் கழித்து ஒரு நாள் லீவு போட்டேன். திண்டுக்கல், ஒட்டன்சத்திரம், பழனி என்று பஸ் மாறி மாறிப் போய் இறங்கினேன்.

நாச்சிமுத்து கரும்புக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்தார். வாய்க்காலில் இறங்கி நின்று, மண்வெட்டியால் மடையை வெட்டி வெட்டித் திருப்பிக்கொண்டிருந்தார். வரப்பில் நின்றபடியே சொன்னேன். மாடிப்படியைச் சொன்னேன். மாஸ்டர் கேட்டதைச் சொன்னேன். முடியவில்லை என்று அவன் என் கையைப் பிடித்ததைச் சொன்னேன். நின்றால் போதும் என்று நான் சொன்னதைச் சொன்னேன். உங்களிடம் சொன்னது பொய் என்றேன்.

அவர் நிமிரவில்லை. ஒரு பாத்தி நிரம்பி அடுத்ததற்குத் திருப்பினார்.

"எதுக்குங்க அப்படிச் செஞ்சீங்க?"

"ஜெயிக்கணும்னுங்கய்யா."

"ஜெயிச்சீங்களா?"

"ஜெயிச்சோமுங்க."

மண்வெட்டியைத் தண்ணீரில் அலசினார். வெகுநேரம் அலசினார்.

"நாந்தான் அவனை ஒரு வருசமாப் பேசாத பேச்செல்லாம் பேசிப்போட்டேன்" என்றார். பிறகு, "இப்பப் போனாக் காலேஜில சேத்துக்குவாங்களா?"

"கேக்கிறேனுங்கய்யா. சேத்துக்குவாங்க."

"போயி அவனையே கேளுங்க" என்று சாளையைக் காட்டினார்.

பழனிச்சாமி வெல்லம் காய்ச்சுகிற அடுப்புக்குச் சோகையை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தான். ஒரு காலை வீசி வீசி நடந்தான். அப்பாவிடம் சொல்லிவிட்டேன் என்றதும் அவனுக்குக் கோபம் வந்தது. "உங்களை ஆருங்க சொல்லச் சொன்னது? அவரு இப்பத்தான் எங்கூட ரெண்டு வார்த்தை பேசிட்டிருக்காரு." கல்லூரியைப் பற்றிச் சொன்னேன். கேட்டுவிட்டு அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"வேண்டாமுங்க. பசங்களெல்லாம் புதுசா இருப்பாங்க. அந்த மைதானத்தைத் தாண்டித்தான் கிளாசுக்குப் போகோணும்."

நான் வற்புறுத்தினேன். அவன் அடுத்த கட்டுச் சோகையை எடுத்தான். பேச்சு அதோடு முடிந்தது.

சாயந்தரம் பஸ் ஏற்றிவிட ரோடு வரைக்கும் வந்தான். வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை. என் நடையைக் குறைத்துக்கொண்டேன். அவன் அதைக் கவனித்துத் தன் நடையைக் கூட்டினான். புளியமரத்தடியில் நின்றோம். தூரத்தில் பஸ்ஸின் புழுதி தெரிந்தது. இனிமேல் கேட்க நேரமிருக்காது என்று கேட்டேன்.

"பழனி, அன்னைக்கு நான் உன்ன வெளியே உக்காருன்னு சொல்லியிருந்தா உக்காந்திருப்பியா?"

இல்லை என்று சொல்லுவான் என்றுதான் நினைத்தேன். என்ன ஆனாலும் உள்ளே வந்திருப்பேன், எனக்கும் அந்த வேலை வேண்டியிருந்தது என்று சொல்லுவான். அதைக் கேட்டுக்கொண்டு போய்விடலாம் என்றுதான் அவ்வளவு தூரம் வந்திருந்தேன் போலிருக்கிறது.

அவன் நன்றாக யோசித்தான். பொய் சொல்லக்கூடாது என்று யோசிக்கிறவன் முகம்.

"உக்காந்திருப்பனுங்க" என்றான்.

பஸ் வந்து நின்றது. என் பையை வாங்கிப் படியில் வைத்துக் கொடுத்தான். "பாத்துப் போங்க" என்றான்.